பேர்மிட்டை நிறுத்தினார்கள், கடிதம் வரவில்லை

ஒரு பாதையில் ஓடுவதற்கான பஸ்ஸின் பேர்மிட்டைப் புதுப்பிக்க மறுக்கலாம், இடைநிறுத்தலாம், புறப்படும் நேரத்தை மாற்றலாம். இதற்கெல்லாம் போக்குவரத்து அதிகாரிகளுக்குச் சட்டத்தில் அதிகாரம் உண்டு. எடுத்த முடிவை உரியவருக்குச் சொல்லாமல் கோப்புக்குள் வைத்திருக்க மட்டும் எந்தச் சட்டமும் அதிகாரம் கொடுக்கவில்லை. அண்ணாவின் மினிபஸ்ஸுக்காகச் சட்டத்தரணியின் கந்தோருக்கும் நீதிமன்றத்துக்கும் போய் வந்ததில் எனக்கு வடிவாக விளங்கிய விடயம் இது. வன்னியில் பஸ், லொறி, ஓட்டோ வைத்துப் பிழைக்கிற பலர் இதே இடத்தில் வந்து நிற்கிறார்கள். அவர்களுக்காகவே எழுதுகிறேன்.

அண்ணாவின் பஸ் புதுக்குடியிருப்பிலிருந்து ஒட்டுசுட்டான், நெடுங்கேணி, புளியங்குளம் வழியாக வவுனியாவுக்கு ஓடுவது. விடியப் புறப்படும். கிளினிக்குக்குப் போகிறவர்கள், வவுனியாவில் படிக்கிற பிள்ளைகள், மரக்கறி மூட்டையோடு வருகிற அம்மாமார் என்று பழகிய முகங்கள்தான் ஏறும். அண்ணா வண்டியைப் பார்ப்பார். கணக்கும் கடதாசிகளும் என்னுடைய பொறுப்பு.

பேர்மிட்டைப் புதுப்பிக்க உரிய காலத்துக்குள் விண்ணப்பம் கொடுத்து, பணம் கட்டி, பற்றுச்சீட்டும் வைத்திருந்தோம். பிறகு ஒரு நாள் பஸ் நிலையத்தில் ரைம்கீப்பர் அண்ணாவைக் கூப்பிட்டு, "உங்கட பஸ்ஸை லிஸ்டில இருந்து எடுத்துப்போட்டினம் அண்ணை, இனி இந்த நேரத்துக்கு விட ஏலாது" என்றார். யார் எடுத்தது, எப்போது, ஏன் என்பது அவருக்கும் தெரியாது. அலுவலகத்தில் கேட்டால், கூட்டத்தில் முடிவெடுத்தாயிற்று, கடிதம் வரும் என்றார்கள். வரவில்லை. திரும்பப் போய்க் கேட்டால், அனுப்பியாயிற்று என்றார்கள். எந்த முகவரிக்கு என்ற கேள்விக்குப் பதில் இல்லை. எந்த அலுவலகம், யார் அதிகாரி என்று இங்கே எழுதப்போவதில்லை. நான் சொல்ல வருவதற்கு அது தேவையில்லை.

பேர்மிட் இல்லாமல் ஓடினால் பொலிஸ் பிடித்து வழக்குப் போடும். ஓடாமல் நிறுத்தினால் லீசிங் காசு கட்ட வழியில்லை, சாரதிக்கும் நடத்துனருக்கும் சம்பளம் இல்லை. மறுப்புக் கடிதம் ஒன்று கையில் இருந்தால் மேலே மேன்முறையீடாவது செய்யலாம். கடிதமே இல்லாதபோது எதைக் காட்டி மேன்முறையீடு செய்வது? அதற்கு நாள் கணக்கு வேறு உண்டு. அந்தக் கணக்கு எந்த நாளில் தொடங்கியது என்றும் தெரியாது. முடிவு பிழையாக இருந்தால் திருத்தலாம். திருத்தச் சொல்லிக் கேட்கும் வாசலையே அடைத்துவிடுவதுதான் எனக்குப் பெரிய அநியாயமாகப் பட்டது, இன்றும் படுகிறது.

"அனுப்பியாயிற்று" என்ற சொல் கொழும்பில் ஒரு மாதிரி, வன்னியில் வேறு மாதிரி. எங்கள் பகுதி ஆட்கள் 2009இல் போரின் கடைசியில் எல்லாவற்றையும் விட்டுவிட்டு வெளியே வந்தவர்கள். செட்டிகுளம் மனிக் பாம் இடம்பெயர்ந்தோர் முகாமில் இருந்து, பிறகு உறவினர் வீடுகளில் இருந்து, அதற்கும் பிறகு ஊருக்குத் திரும்பியவர்கள். ஒரே ஆளின் பெயரில் ஒரு கோப்பில் முகாம் விலாசம் இருக்கும், இன்னொன்றில் வவுனியாவில் தங்கியிருந்த மாமா வீட்டு விலாசம் இருக்கும், மூன்றாவதில்தான் இப்போதைய காணி இருக்கும். வீட்டு இலக்கம் இல்லாத வீடுகள் இன்றும் உண்டு. கடிதங்கள் சந்திக் கடையில் கிடக்கும், இல்லாவிட்டால் ஆரும் தெரிந்தவர் கையில் வரும். பத்து வருடத்துக்கு முந்திய முகவரிக்கு ஒரு கடிதத்தைப் போட்டுவிட்டு அறிவித்துவிட்டோம் என்று கோப்பை மூடுவது, எங்கள் ஆட்கள் எப்படி இடம் மாறி வந்தார்கள் என்பதைத் தெரிந்தே கண்ணை மூடுவதாகும். இதைப் படிக்கிற எவரும் முதல் வேலையாகத் தங்கள் இப்போதைய முகவரியை எழுத்தில் கொடுத்து, பிரதியில் திகதி முத்திரை வாங்கி வையுங்கள்.

சரி, சட்டம் என்ன சொல்கிறது?

பாதிக்கப்படுகிறவருக்கு அறிவிக்கப்படாத முடிவு, அவரைப் பொறுத்தவரை இன்னும் நடைமுறைக்கு வராத முடிவு. இதை மிகத் தெளிவாகச் சொன்னது 2003இல், அப்போது அங்கே அதியுயர் நீதிமன்றமாகவும் இருந்த பிரித்தானியப் பிரபுக்கள் சபை. அனுஃப்ரியேவா என்ற லித்துவேனியப் பெண் அங்கே புகலிடம் கேட்டிருந்தார். அவருடைய கோரிக்கையை நிராகரிப்பதாக 1999 நவம்பரில் உள்துறை அமைச்சு தன் கோப்பில் எழுதிக்கொண்டது. அவருக்குச் சொல்லவில்லை. உதவிப்பணம் கொடுக்கும் அலுவலகத்துக்கு மட்டும் சொன்னது. டிசம்பரில் பணம் நின்றது. நிராகரித்த கடிதம் அவர் கைக்கு வந்தது 2000 ஏப்ரலில். சொல்லப்படும்வரை அந்த முடிவுக்குச் சட்ட விளைவு இல்லை என்று பெரும்பான்மை நீதிபதிகள் தீர்ப்புக் கொடுத்தார்கள். தனக்கு எதிரான முடிவு தெரிந்தால்தானே ஒருவர் அதை எதிர்த்து நீதிமன்றம் போகமுடியும் என்பதுதான் அவர்கள் சொன்ன அடிப்படைக் காரணம்.

அதற்கு வெகு முன்னரே இந்திய உச்ச நீதிமன்றம் இதே வழியில் போயிருந்தது. அமர் சிங் ஹரிக்கா என்ற பஞ்சாப் உத்தியோகத்தரை 1949இல் பதவி நீக்கி எழுதிய உத்தரவின் பிரதிகள் மற்ற அலுவலகங்களுக்குப் போயின. அவருக்குப் போகவில்லை. 1951இல்தான் அவருக்குத் தெரியவந்தது. தெரியவந்த நாளிலிருந்துதான் அந்த உத்தரவுக்கு உயிர் என்று 1966இல் தீர்ப்பானது. எங்கள் கதையோடு இது எவ்வளவு ஒத்துப்போகிறது என்று பாருங்கள். பஸ் நிலையத்துக்குத் தெரியும், ரைம்கீப்பருக்குத் தெரியும், பஸ்காரருக்குத் தெரியாது.

இந்த விதி இரண்டு பக்கமும் வெட்டும் என்பதையும் சொல்லவேண்டும். பச்சித்தர் சிங் என்ற இன்னொரு இந்திய உத்தியோகத்தரின் வழக்கில், அவரைப் பதவி நீக்காமல் கீழ்ப் பதவிக்கு இறக்கினால் போதும் என்று ஓர் அமைச்சர் கோப்பில் எழுதியிருந்தார். அது அவருக்கு அறிவிக்கப்படவில்லை. பிறகு முதலமைச்சர் அதை மாற்றி, பதவி நீக்கத்தையே உறுதிசெய்தார். அறிவிக்கப்படாத குறிப்பு உத்தரவு ஆகாது என்பதால் அந்தச் சாதகமான குறிப்பு அவருக்கு உதவவில்லை. எனவே, "உங்கட அலுவல் சரி, பைலில எழுதியாச்சு" என்று ஒருவர் சொன்னால் அதை நம்பி வீட்டில் இருக்கவேண்டாம்.

பிரித்தானிய, இந்தியத் தீர்ப்புகள் எங்கள் நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தாது. ஆனால் நிர்வாகச் சட்டத்தில் அவை எடுத்துக்காட்டப்படும், கவனிக்கப்படும். எங்கள் உயர் நீதிமன்றமே 1997இல் யுனிக் ஜெம் ஸ்டோன்ஸ் வழக்கில் ஒரு முக்கியமான விடயத்தைச் சொன்னது. முடிவு சவாலுக்கு உள்ளாகும்போது அதற்கான காரணங்களை அதிகாரி காட்டாவிட்டால், காரணமே இருக்கவில்லை என்று கருத இடமுண்டு. அது தொழில் ஆணையாளரின் உத்தரவு பற்றிய வழக்கு. ஆனால் அதில் உள்ள நியாயம் எந்தக் கந்தோருக்கும் பொருந்தும்.

அடுத்தது, எந்த நீதிமன்றம்? இதில்தான் எங்கள் ஆட்கள் தயங்குகிறார்கள். வழக்கு என்றதும் கொழும்பு, புதுக்கடை, பெரிய சட்டத்தரணி, பெரிய காசு என்று நினைத்துக் கைவிட்டுவிடுகிறார்கள். மாகாணத்துக்குள் ஓடும் பயணிகள் சேவையை ஒழுங்குபடுத்துவது, 1987இல் வந்த அரசியலமைப்பின் 13ஆம் திருத்தத்தின்படி மாகாண சபை நிரலில், அதாவது மாகாணத்துக்கு விடப்பட்ட அதிகாரங்களின் பட்டியலில், உள்ள விடயம். அந்த நிரலில் உள்ள விடயத்தில் மாகாணத்துக்குள் அதிகாரம் செலுத்துபவருக்கு எதிராக எழுத்தாணை (ரிட் கட்டளை) வழங்கும் அதிகாரத்தை அரசியலமைப்பின் 154P உறுப்புரை மாகாண மேல் நீதிமன்றத்துக்குக் கொடுத்திருக்கிறது. ஆகவே எங்கள் பாதைக்கு வவுனியா மேல் நீதிமன்றமே போதுமாக இருந்தது. அங்கே பதிவுகளும் தமிழில் நடக்கும். அங்கே கிடைக்கும் கட்டளை பிழை என்று பட்டால் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போகலாம். வவுனியாவிலிருந்து கொழும்புக்கு ஓடும் பஸ் என்றால் கதை வேறு. மாகாணங்களுக்கு இடையிலான சேவை, 1991ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கச் சட்டத்தில் அமைந்த தேசிய போக்குவரத்து ஆணைக்குழுவின் கீழ் வருகிறது. அதற்கு 140ஆம் உறுப்புரையின்படி கொழும்பில் உள்ள மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கே போகவேண்டும்.

எழுத்தாணையில் எங்களுக்கு வேண்டியவை இரண்டு. மாண்டமஸ் என்று சட்டத்தரணிகள் சொல்லும் ஆணையீட்டு எழுத்தாணை ஒன்று: செய்யவேண்டிய கடமையைச் செய் என்று அதிகாரிக்குக் கட்டளையிடுவது. சேர்ஷியோறாறி என்னும் உறுதிகேள் எழுத்தாணை மற்றது: சட்டத்துக்கு மாறாக, ஆளை விசாரிக்காமல் எடுத்த முடிவை இரத்துச் செய்வது. "பேர்மிட்டைக் கொடு" என்று நீதிமன்றம் பொதுவாகச் சொல்லாது. கொடுப்பதா விடுவதா என்பது அதிகாரியின் தற்றுணிவு. "சட்டப்படி விசாரித்து, முடிவெடுத்து, எழுத்தில் அறிவி" என்று சொல்லும். இந்த வித்தியாசத்தை முதலிலேயே விளங்கிக்கொண்டால் பிறகு ஏமாற்றம் வராது.

மாண்டமஸ் கேட்கப் போகுமுன் ஒரு படி இருக்கிறது. கோரிக்கை விடுத்திருக்கவேண்டும், அது மறுக்கப்பட்டிருக்கவேண்டும். வாயால் கேட்டதற்குச் சாட்சியில்லை. எனவே சட்டத்தரணியின் சொற்படி பதிவுத் தபாலில் ஒரு கடிதம் போட்டோம். முடிவு என்ன, எப்போது எடுத்தது, யார் எடுத்தது, காரணம் என்ன, இத்தனை நாளுக்குள் எழுத்தில் தாருங்கள் என்று மட்டும் கேட்டோம். கோபம், குறை ஒன்றும் அதில் இல்லை. நியாயமான காலத்துக்குள் பதில் வராவிட்டால் அந்த மௌனத்தை மறுப்பாக எடுத்துக்கொள்ளும்படி நீதிமன்றத்தில் வாதிடலாம். தபால் கந்தோர் தருகிற அந்தச் சின்னப் பற்றுச்சீட்டுத்தான் பிறகு மனுவில் எங்களுக்கு மிகப் பெரிய ஆவணமாக இருந்தது.

அதோடு சேர்த்து 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்திலும் விண்ணப்பம் கொடுத்தோம். தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் தருவதா இல்லையா என்று முடிவு சொல்லவேண்டும். மறுத்தால் 14 நாட்களுக்குள் அதே இடத்தின் குறித்தொதுக்கப்பட்ட அலுவலரிடம் மேன்முறையீடு. அதற்கும் பிறகு இரண்டு மாதத்துக்குள் தகவல் அறியும் உரிமை ஆணைக்குழுவுக்கு. ஏன் கேட்கிறீர்கள் என்று உங்களிடம் யாரும் காரணம் கேட்க முடியாது. அந்தச் சட்டத்தின் 35ஆம் பிரிவை நான் எல்லாருக்கும் சொல்லிக்கொண்டு வருகிறேன்: தன்னுடைய முடிவால் பாதிக்கப்பட்டவர் கேட்டால், காரணத்தை எழுத்தில் சொல்ல அதிகாரி கடமைப்பட்டவர். எங்களுக்குக் கூட்ட அறிக்கையின் ஒரு பக்கப் பிரதி கிடைத்தது. அதில் அண்ணாவின் பஸ் இலக்கம், "நேர ஒழுங்கு பற்றிய முறைப்பாடு, புதுப்பிக்கத் தேவையில்லை" என்று ஒற்றை வரி. அந்த முறைப்பாட்டை அண்ணாவுக்கு யாரும் காட்டவில்லை, விளக்கம் கேட்கவுமில்லை. இப்போதுதான் இரத்துச் செய்யும்படி கேட்பதற்கு ஒரு முடிவு எங்கள் கையில் இருந்தது.

மனுவைத் தயாரிக்கும்போது வந்த ஒரு சிக்கலைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லவேண்டும். எங்கள் நேரத்தை அதற்குள் இன்னொரு பஸ்ஸுக்குக் கொடுத்திருந்தார்கள். அந்த உரிமையாளரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கவேண்டும் என்றார் சட்டத்தரணி. அண்ணாவுக்கு அது பிடிக்கவில்லை. அந்த உரிமையாளரும் மனிக் பாமிலிருந்து வந்து, கடன்பட்டு பஸ் எடுத்தவர். கோயில் திருவிழாவில் முகம் பார்க்கவேண்டிய ஆள். "அவர் என்ன பிழை செய்தவர், அவரை ஏன் கோட்டுக்கு இழுக்கவேணும்?" என்று அண்ணா கேட்டார். சட்டத்தரணி சொன்ன பதில் என்னை யோசிக்கவைத்தது. நீங்கள் கேட்கிற கட்டளை வந்தால் அவருடைய நேரம் போகலாம். அவருக்குச் சொல்லாமல் அதைச் செய்யச் சொல்லி நீதிமன்றத்திடம் கேட்டால், உங்களுக்கு நடந்ததைத்தான் நீங்கள் அவருக்குச் செய்கிறீர்கள். தேவையான தரப்பைச் சேர்க்காவிட்டால் மனுவே தள்ளுபடியாகலாம் என்ற சட்டம் அந்த நியாயத்திலிருந்துதான் வருகிறது. அண்ணா அறிவித்தல் போகுமுன் தானே அவருடைய வீட்டுக்குப் போய் விடயத்தைச் சொன்னார். இருவரும் நன்றாகக் கதைத்தார்கள் என்றுதான் மச்சாள் சொன்னா.

மனுவோடு சத்தியக்கடதாசி, பற்றுச்சீட்டுகள், பழைய பேர்மிட்டுகள், தகவல் சட்டத்தில் கிடைத்த பிரதி எல்லாம் போயின. எழுத்தாணை நீதிமன்றத்தின் தற்றுணிவில் தருகிற நிவாரணம். அதனால் மறைக்காமல் முழு உண்மையையும் வைக்கவேண்டும். முன்பு ஒரு முறை நேரம் பிந்தி ஓடியதற்காக அண்ணாவை எச்சரித்திருந்தார்கள். அதையும் மனுவில் எழுதினோம். தாமதமும் ஆகாது. எழுத்தாணைக்கு இத்தனை நாள் என்ற இறுக்கமான வரையறை இல்லாவிட்டாலும், காரணமில்லாமல் காலம் கடத்தினால் அதை வைத்தே மறுக்கலாம். "கடிதம் வரட்டும், பார்ப்போம்" என்று மாதக்கணக்கில் காத்திருப்பவர்களுக்கு இதை எப்படிச் சொல்லி விளங்கவைப்பது என்று எனக்குப் பெரிய கவலை. முடிவு உங்கள் காதில் விழுந்த நாளை, சொன்ன ஆளின் பெயரோடு ஒரு கொப்பியில் குறித்து வையுங்கள்.

அந்த நாள் அடிப்படை உரிமை மனுவுக்கு இன்னும் முக்கியம். சட்டத்தின் முன் சமத்துவம் 12(1)ஆம் உறுப்புரை, சட்டபூர்வமான தொழிலைச் செய்யும் சுதந்திரம் 14(1)(g). இவை மீறப்பட்டதென்றால் 126ஆம் உறுப்புரையின்படி ஒரு மாதத்துக்குள் கொழும்பில் உயர் நீதிமன்றத்துக்குப் போகவேண்டும். முடிவு தெரியாதவருக்கு, தெரியவந்த நாளிலிருந்து அந்த மாதத்தை எண்ணும்படி கேட்கலாம். ஆனால் அதை நிறுவும் பொறுப்பு அவருடையது. அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது என்று 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் சொல்கிறது. ஆணைக்குழுவுக்கு வவுனியாவில் பிராந்திய அலுவலகம் இருக்கிறது. முறைப்பாட்டு இலக்கம் மட்டும் போதாது, விசாரணை உண்மையில் நடக்கிறது என்பதையும் காட்டவேண்டி வரும். காசில்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவின் வவுனியா அலுவலகத்தைக் கேட்டுப் பார்க்கலாம்.

எங்கள் வழக்கு நீண்ட விவாதத்துக்குப் போகவில்லை. அறிவித்தல் போய், எதிர்த்தரப்புச் சட்டத்தரணி வந்தபோது நீதிபதி கேட்ட முதல் கேள்வி, மனுதாரருக்கு இந்த முடிவை அறிவித்த கடிதம் எங்கே என்பதுதான். கோப்பில் ஒரு பிரதி இருந்தது. அனுப்பியதற்கான தபால் பதிவு இல்லை. முகவரி நாங்கள் எப்போதோ விட்டுவந்த இடத்தினுடையது. முறைப்பாட்டின் பிரதியைக் கொடுத்து, அண்ணாவின் விளக்கத்தைக் கேட்டு, மற்ற உரிமையாளரையும் விசாரித்து, காரணத்தோடு எழுத்தில் புதிய முடிவு தருவதாக அவர்கள் நீதிமன்றத்தில் ஒப்புக்கொண்டார்கள். அதுவரை தற்காலிகமாக ஓட அனுமதியும் வந்தது. அந்த உறுதியைப் பதிவுசெய்து மனு முடிவுறுத்தப்பட்டது.

பிறகு விசாரணை நடந்தது. இரண்டு பஸ்ஸுக்கும் இடையில் இடைவெளி விட்டு நேரம் பிரித்தார்கள். எங்களுக்குப் பழைய நேரம் கிடைக்கவில்லை, கொஞ்சம் பிந்திய நேரம்தான். ஆனால் ஏன் என்று அந்தக் கடிதத்தில் எழுதியிருந்தது, எங்கே மேன்முறையீடு செய்யலாம் என்றும் இருந்தது. அண்ணா வாசித்துவிட்டு மேன்முறையீடு வேண்டாம் என்றார்.

பஸ் நின்ற காலத்து நட்டத்துக்கு எழுத்தாணையில் காசு கிடைக்காது. அதற்கு வேறு வழக்கு வேண்டும். அடிப்படை உரிமை மனு என்றால் நட்டஈடும் கேட்டிருக்கலாம். லீசிங் நிலுவையைக் கட்டி முடித்த பிறகு அதைப் பற்றி யோசிப்போம் என்று அண்ணா சொல்லியிருக்கிறார். கடதாசிகள் எல்லாவற்றையும் ஒரு பைலில் போட்டு வைத்திருக்கிறேன்.